சின்ன வயதில் எல்லாம் நன்றாகத்தான் இருந்தது

சர்வாதிகாரத்தில் வளர்ந்தவர்களின் சாட்சியம் என்றதும் நமக்குள் ஒரு காட்சி தானாக ஓட ஆரம்பித்துவிடும். கறுப்புத் துணிக்கு முன்னால் ஒரு நாற்காலி, அதில் ஐம்பது தாண்டிய ஒருவர், நள்ளிரவில் கதவு தட்டப்பட்ட கதை. தொண்டை அடைக்கிற இடத்தில் கேமரா மெல்ல நெருங்கும், பின்னால் பியானோ. இப்படி எடுக்கப்பட்ட ஆவணப்படங்கள் ஏராளம். நல்ல நோக்கத்தோடுதான் எடுத்திருப்பார்கள். ஆனால் இந்த வகையில் காலம் தாண்டி நிற்கிற படங்களைப் பார்த்தால் கொஞ்சம் சங்கடமான ஒன்று கண்ணில் படும். அவற்றில் பேசுகிறவர்கள் திரும்பத் திரும்பச் சொல்வது, சின்ன வயதில் எல்லாம் நன்றாகத்தான் இருந்தது என்பதைத்தான்.

2010-இல் ராபின் ஹெஸ்மன் எடுத்த 'மை பெரெஸ்ட்ரோய்கா' இதற்குச் சரியான உதாரணம். மாஸ்கோவில் ஒரே பள்ளியில் படித்த ஐந்து பேர், சோவியத் ஆட்சியின் கடைசிக் காலத்தில் தாங்கள் பிள்ளைகளாக இருந்ததைப் பேசுகிறார்கள். நடுநடுவே அந்தக் காலத்தில் வீட்டார் எடுத்த 8 எம்.எம். ஃபிலிம் சுருள்கள் ஓடுகின்றன. கழுத்தில் சிவப்புத் துணி கட்டிய பிள்ளைகள், சிரிப்பு, விளையாட்டு. பாலக்காட்டில் ஒரு ஃபிலிம் சொசைட்டி திரையிடலில் இந்தப் படம் முடிந்ததும் பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது: "நல்லா இருந்தோம்னு சொல்றதுக்கா ஒண்ணரை மணி நேரம்?" கேட்டவர் மேல் தப்பில்லை. கொடுமையைப் பார்க்கத் தயாராகி வந்தவருக்கு ஒரு சராசரிப் பிள்ளைப்பருவத்தைக் காட்டினால் ஏமாற்றமாகத்தான் இருக்கும்.

இந்த ஏமாற்றம் எங்கிருந்து வருகிறது என்று பார்த்தால், இரண்டு வேறு சாட்சிகளை நாம் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்வதிலிருந்து வருகிறது. பெரியவராக இருந்து பிடிபட்டவரின் சாட்சியம் ஒன்று. அவருக்கு முன்பு எப்படி இருந்தது, பிறகு என்ன ஆனது என்று தெரியும். யார் பிடித்தார்கள், எங்கே வைத்தார்கள், எந்தத் தேதி என்று சொல்ல முடியும். அர்ஜென்டினாவில் ராணுவ ஆட்சி 1983-இல் முடிந்த பிறகு அமைக்கப்பட்ட ஆணையம் 1984-இல் வெளியிட்ட 'நுன்கா மாஸ்' ('இனி ஒருபோதும் வேண்டாம்') அறிக்கையும், சிலியில் ராணுவச் சர்வாதிகாரி பினோசெட் இறங்கிய பின் 1991-இலும் 2004-இலும் வந்த இரண்டு அறிக்கைகளும் இப்படிப்பட்ட சாட்சியங்களின் மேல்தான் எழுந்தன. அங்கே தேவைப்பட்டது பெயர், இடம், நாள்.

பிள்ளையாக இருந்தவரின் சாட்சியம் வேறு. அவருக்கு 'முன்பு' என்று ஒன்றே கிடையாது. அவர் கண் திறந்து பார்த்த உலகமே அதுதான். அப்பா ரேடியோவின் சத்தத்தைக் குறைப்பார், சில பேர் வந்தால் கதவைச் சாத்துவார்கள், சில பெயர்களை வீட்டுக்கு வெளியே சொல்லக்கூடாது. இதெல்லாம் எல்லார் வீட்டிலும் நடப்பது என்றுதான் எந்தப் பிள்ளையும் நினைக்கும். இந்தச் சாட்சியத்தைக் கோர்ட்டில் வைத்தால் ஐந்து நிமிஷம் தாங்காது. ஆனால் ஒரு ஆட்சி சாதாரணக் குடும்பத்தின் பழக்கவழக்கத்துக்குள் எப்படிப் போய் உட்கார்ந்துகொள்கிறது என்பதை வேறு யாராலும் சொல்லவும் முடியாது. அதனால் அந்த 'நன்றாக இருந்தோம்' என்ற பகுதிதான் இந்தச் சாட்சியத்தின் சாரம் என்று நினைக்கிறேன். பல இயக்குநர்கள் எடிட்டிங்கில் முதலில் வெட்டுவதும் அதைத்தான்.

வெட்டாமல், அதை என்ன செய்வது என்று யோசித்தவர்களில் அல்பெர்டினா காரி என்ற அர்ஜென்டினப் பெண்ணை முதலில் சொல்ல வேண்டும். அவருடைய அப்பா ரொபெர்டோ காரி சமூகவியலாளர். அம்மா ஆனா மரியா கரூசோ. இருவரையும் 1977-இல் பிடித்துக்கொண்டு போனார்கள், திரும்பவில்லை. அல்பெர்டினாவுக்கு அப்போது நான்கு வயதுகூட நிரம்பவில்லை. 2003-இல் அவர் எடுத்த 'லோஸ் ரூபியோஸ்' படத்தில் ஒரு நடிகை கேமராவைப் பார்த்துத் தன் பெயரைச் சொல்லி, இந்தப் படத்தில் நான் அல்பெர்டினா காரியாக நடிக்கிறேன் என்கிறார். சொந்தக் கதையைச் சொல்ல எதற்கு நடிகை? நான்கு வயதுக்கு முன் நடந்ததை 'என் நினைவு' என்று உட்கார்ந்து சொல்ல அவருக்கு மனம் ஒப்பவில்லை. அவர் நினைவென்று வைத்திருப்பதில் பாதி அக்காக்கள் சொன்னது, மீதி யாரோ சொன்னது, கொஞ்சம் தானே கட்டிக்கொண்டது. அதை மறைக்காமல் திரையில் வைத்துவிட்டார். பெற்றோர் பிடிபட்டதைப் பிளாஸ்டிக் பொம்மைகளை வைத்துக் காட்டுகிறார். ராத்திரி, நடுரோடு, வானத்திலிருந்து பறக்கும் தட்டு வந்து பொம்மைகளைத் தூக்கிக்கொண்டு போகிறது. மூன்று வயதுப் பிள்ளைக்கு அது அப்படித்தானே தெரிந்திருக்கும்!

இந்தப் படத்தில் என்னை விடாமல் பிடித்த இடம் வேறு. அந்தக் குடும்பம் ஒளிந்து வாழ்ந்த ஏழைக் குடியிருப்புக்குப் படக்குழு போகிறது. அங்கே ஒரு மூதாட்டி ஜன்னல் வழியாகப் பேசுகிறார். அந்தக் குடும்பத்தை நன்றாக ஞாபகம் இருக்கிறதாம், எல்லாருக்கும் பொன்னிற முடியாம். படத்தின் தலைப்பே அதிலிருந்துதான் வந்தது. உண்மையில் அவர்களில் யாருக்கும் பொன்னிற முடி கிடையாது. பக்கத்து வீட்டார் ஏன் அப்படிப் பார்த்தார்கள்? படித்த, நகரத்து நடுத்தர வர்க்கக் குடும்பம் ஒன்று புரட்சி பேசிக்கொண்டு தங்கள் தெருவில் வந்து குடியேறியபோது, அந்தத் தெருவுக்கு அவர்கள் வேற்று ஆட்களாகத் தெரிந்தார்கள். வேற்று ஆள் என்பது ஞாபகத்தில் முடியின் நிறமாக மாறிவிட்டது. நம் ஊரிலும் வெளியூரிலிருந்து வந்து இரண்டு வருஷம் இருந்துவிட்டுப் போன குடும்பத்தைப் பற்றிக் கேட்டால் "நல்ல செவப்பா, உசரமா இருப்பாங்க" என்றுதான் பாதிப் பேர் ஆரம்பிப்பார்கள். போட்டோவைப் பார்த்தால் நம்மைப் போலவே மாநிறமாக இருப்பார்கள். தகவலாக எடுத்தால் அந்த மூதாட்டியின் சாட்சியம் தப்பு. ஆனால் அந்தத் தெருவுக்கும் அந்தக் குடும்பத்துக்கும் இடையில் இருந்த தூரத்தை அதைவிடத் துல்லியமாக எந்த ஆவணமும் சொல்லாது.

அர்ஜென்டினத் திரைப்பட நிறுவனம் இந்தப் படத்துக்கு நிதி தர முதலில் மறுத்தது. காணாமல்போன பெற்றோரின் தோழர்களுடைய சாட்சியங்கள் இன்னும் வேண்டும் என்பது அவர்கள் சொன்ன காரணம். அந்தக் கடிதத்தையே காரி படத்துக்குள் வைத்துப் படித்துக் காட்டிவிட்டார். பெரியவர்கள் தங்கள் சாட்சியத்தைக் கேட்கிறார்கள், பிள்ளை தன்னுடையதைச் சொல்கிறாள். இந்தச் சண்டை அந்த ஒரு கடிதத்தில் அடங்கிவிடுகிறது.

கம்போடிய இயக்குநர் ரித்தி பான் இதே சிக்கலை வேறு பக்கமிருந்து எடுத்தார். 1975 ஏப்ரல் 17-இல் கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் படை தலைநகர் நாம்பென்னுக்குள் நுழைந்தபோது அவர் சிறுவன். 1979 ஜனவரியில் அந்த ஆட்சி விழுவதற்குள் சுமார் 17 லட்சம் முதல் 20 லட்சம் பேர்வரை இறந்தார்கள். அவருடைய குடும்பத்திலும் பலர் போய்ச் சேர்ந்தார்கள். கல்வித் துறையில் உயர்ந்த பதவியில் இருந்த அப்பா, மனிதன் தின்னத் தகாததைத் தின்னமாட்டேன் என்று சாப்பாட்டை நிறுத்தியே உயிரை விட்டார். இதற்கெல்லாம் படம் கிடையாது. கேமரா ஆட்சியின் கையில் இருந்தது, அது எடுத்ததெல்லாம் வயலில் வரிசையாக மண் சுமக்கும் கூட்டமும் கைதட்டும் தலைவர்களும்தான். 2013-இல் வந்த 'தி மிஸ்ஸிங் பிக்சர்' படத்தில் பான் களிமண்ணால் சின்னச் சின்ன உருவங்கள் செய்யவைத்துத் தன் பிள்ளைப்பருவத்தை அவற்றால் நிரப்பினார். எல்லாரும் கறுப்பு உடையில் இருக்க, ஒரு பையன் உருவம் மட்டும் புள்ளி போட்ட வண்ணச் சட்டையில் நிற்கும். அந்தப் பொம்மைகள் அசைவதில்லை. பிரச்சாரப் படத்தின் அசையும் கூட்டமும் அசையாத களிமண் பையனும் ஒரே சட்டகத்தில் வரும்போது எதை நம்புவது என்பதில் யாருக்கும் குழப்பம் வராது. கான் விழாவில் அந்த ஆண்டு 'அன் செர்டன் ரிகார்ட்' பரிசு இதற்குத்தான் கிடைத்தது.

போர்ச்சுகலில் சுசானா டி சூசா டியாஸ் 2009-இல் எடுத்த '48' இன்னும் கறாரானது. தலைப்பு, அந்த நாட்டுச் சர்வாதிகாரம் நீடித்த 48 ஆண்டுகளைக் குறிக்கிறது. திரையில் இருப்பது ரகசியப் போலீஸ் எடுத்த கைதிகளின் படங்கள் மட்டும்: முன்பக்கம், பக்கவாட்டு. அந்தப் படத்தில் இருப்பவரே பல பத்தாண்டுகள் கழித்துப் பேசுவது பின்னணியில் கேட்கும். பேசுகிறவரின் இன்றைய முகத்தை ஒருதரம்கூடக் காட்டமாட்டார். மூச்சு விடுவது, நாற்காலி கிறீச்சிடுவது, வார்த்தை கிடைக்காமல் நிற்பது எல்லாம் அப்படியே இருக்கும். ஆப்பிரிக்கக் காலனிகளின் கைதிகளுக்கு அப்படிப்பட்ட படங்கள் கிடைக்காததால் அவர்கள் பேசும்போது திரை கிட்டத்தட்ட இருட்டாகிவிடும். இது பிள்ளைப்பருவ சாட்சியம் அல்ல, பெரியவர்களுடையது. இருந்தாலும் இங்கே சொல்லக் காரணம், அழுகிற முகம் இல்லாமலும் சாட்சியம் நிற்கும் என்பதை இதைவிடக் கறாராகக் காட்டிய படம் எனக்குத் தெரியாது. க்ளோஸப் கண்ணீரை நம்பியிருக்கும் நம் யூடியூப் பேட்டிக்காரர்கள் ஒருமுறை பார்த்தால் நல்லது.

இந்தோனேசியாவைப் பற்றியும் கொஞ்சம். கம்யூனிஸ்டுகள் என்று சொல்லி ஏராளமானவர்களைக் கொன்ற 1965-66 படுகொலைகளுக்குப் பிறகு அங்கே வளர்ந்த ஒரு தலைமுறைக்கே என்ன ஞாபகம் இருக்க வேண்டும் என்று அரசு பாடம் நடத்தியது. கம்யூனிஸ்டுகளைக் கொடூரர்களாகக் காட்டும் அரசுப் படம் ஒன்று 1984-இல் எடுக்கப்பட்டு, 1998-இல் அதிபர் சுகார்த்தோ இறங்கும்வரை வருஷாவருஷம் செப்டம்பர் 30 அன்று போட்டுக் காட்டப்பட்டது. பள்ளிப் பிள்ளைகள் அதைப் பார்த்தே தீர வேண்டும். ஜோஷுவா ஓப்பன்ஹைமரின் 'தி லுக் ஆஃப் சைலன்ஸ்' (2014) படத்தில் அதன் பின்விளைவு ஒரு வகுப்பறையில் தெரியும். படத்தின் நாயகர் ஆதி ஊர் ஊராகப் போய்க் கண் பரிசோதித்துக் கண்ணாடி கொடுப்பவர். தான் பிறப்பதற்கு முன்பே கொல்லப்பட்ட அண்ணனைக் கொன்றவர்களுக்கும் கண்ணாடி பொருத்திக்கொண்டே கேள்வி கேட்கிறார். அவருடைய மகனின் வகுப்பில் வாத்தியார் இன்னும் அந்தப் பழைய பாடத்தையே நடத்திக்கொண்டிருக்கிறார். படத்தின் பெயர்ப் பட்டியல் ஓடும்போது உள்ளூர்க் கலைஞர்கள் பலரின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'பெயர் வெளியிடப்படவில்லை' என்றே வந்துகொண்டிருக்கும். ஆட்சி மாறிப் பதினைந்து வருஷத்துக்கு மேல் ஆனபிறகும்!

எல்லையோரத்தில் பிறந்தவன் என்பதால் எனக்குத் தனிப் பிரியம் உள்ள படம் எஸ்டோனியாவின் 'டிஸ்கோ அண்ட் அட்டாமிக் வார்' (2009). சோவியத் எஸ்டோனியாவின் தலைநகர் தாலினிலிருந்து கடல் தாண்டி ஏறக்குறைய 80 கிலோமீட்டரில் ஃபின்லாந்தின் ஹெல்சிங்கி. அங்கிருந்து வரும் டிவி அலைகள் வடக்கு எஸ்டோனியாவில் பிடிக்கும், தெற்கில் பிடிக்காது. 'டாலஸ்' என்ற அமெரிக்கத் தொடரில் இந்த வாரம் என்ன நடந்தது என்பதைத் தெற்கில் இருக்கும் உறவுக்குக் கடிதம் எழுதிச் சொல்கிறார்கள். ஒரே நாடு, ஒரே கட்சி, ஆனால் ஆன்டெனா எங்கே நிற்கிறது என்பதைப் பொறுத்துப் பிள்ளைப்பருவம் மாறிவிடுகிறது. படத்தில் நடிகர்களை வைத்து மறுபடி எடுத்த காட்சிகளும் விளையாட்டும் அதிகம், எல்லாவற்றையும் அப்படியே நம்பவேண்டியதில்லை. ஆனால் எல்லைக்கு இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்ற அந்தக் கணக்கு எங்களுக்குப் புதிது அல்ல.

கேரளத்தின் பாலக்காட்டுப் பக்கம், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய சித்தூர் தாலுகாவில் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோபாலபுரம் பக்கமெல்லாம் வீட்டில் தமிழ், ஆபீஸில் மலையாளம். கொச்சி ராஜாவின் சீமையாக இருந்து 1956 நவம்பர் 1-இல் கேரளத்தோடு போன மண். கொழிஞ்சாம்பாறையில் பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்தில் பொள்ளாச்சி. கல்யாண உறவும் வியாபாரமும் செக்போஸ்ட்டுக்கு இரண்டு பக்கமும் உண்டு. இங்கே 1975-ஐப் பற்றிப் பேச்செடுத்தால் ஒரு வேடிக்கை நடக்கும்: எமர்ஜென்சி எப்போது ஆரம்பித்தது என்று கேட்டால் ஒரே குடும்பத்தில் இரண்டு விடை வரும்.

இரண்டும் சரி. 1975 ஜூன் 25 இரவு நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டபோது கேரளத்தில் அச்சுத மேனன் தலைமையில் காங்கிரஸும் சேர்ந்த கூட்டணி ஆட்சி. அது டெல்லியோடு நின்றது, அன்றே இங்கே நடைமுறைக்கும் வந்துவிட்டது. தமிழ்நாட்டில் தி.மு.க. ஆட்சி. இரண்டே நாளில் கட்சியின் செயற்குழு எதிர்த்துத் தீர்மானம் போட்டது, மாநிலம் ஓரளவு மூச்சுவிட்டுக்கொண்டிருந்தது, மற்ற மாநிலங்களிலிருந்து தலைமறைவானவர்கள் அங்கே வந்து ஒதுங்கினார்கள். 1976 ஜனவரி 31-இல் அந்த ஆட்சி கலைக்கப்பட்டது. அப்புறம்தான் விசாரணையில்லாமல் உள்ளே வைக்கும் மிசா சட்டத்தில் கைதுகள், சென்னை மத்தியச் சிறையில் அடி, அடிபட்டவர்களில் ஒருவரான முன்னாள் மேயர் சிட்டிபாபுவின் சாவு. அந்த ஏழு மாதம் எல்லையான வாளையாருக்கு மேற்கே ஒரு நாடு, கிழக்கே ஒரு நாடு என்று இருந்திருக்கிறது.

உடனே ஒன்று சொல்லிவிட வேண்டும். 21 மாத நெருக்கடி நிலையையும் பினோசெட்டின் 17 ஆண்டுகளையும் ஒரே தராசில் வைக்க முடியாது. நெருக்கடி நிலையைப் பிறகு விசாரித்த ஷா ஆணையத்தின் கணக்கின்படி இந்தியா முழுக்க மிசாவிலும் பாதுகாப்பு விதிகளிலும் பிடிக்கப்பட்டவர்கள் 1,10,806 பேர். பெரிய எண்தான். ஆனாலும் தேர்தல் வந்தது, ஆட்சி தோற்றது. ஆனால் பிள்ளைகளின் ஞாபகம் வேலை செய்யும் விதம் சிலியின் சாந்தியாகோவிலும் எங்கள் சித்தூரிலும் ஒன்றாகத்தான் இருக்கிறது.

கேரளத்துக்கு எமர்ஜென்சி என்றால் ஒரு முகம் உண்டு: ராஜன். கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவர். 1976 மார்ச் 1 அன்று பிடித்துக்கொண்டு போய்க் கக்கயம் முகாமில் வைத்து உருட்டினார்கள். தொடைமேல் உலக்கையை வைத்து அழுத்தி உருட்டுவதற்கு இங்கே போலீஸ் வைத்திருந்த பேர் 'உருட்டல்'. உடல்கூடக் கிடைக்கவில்லை. அப்பா ஈச்சர வாரியர் 1977-இல் ஹைகோர்ட்டில் ஆட்கொணர்வு மனு போட, அந்த வழக்கினால் கருணாகரன் முதல்வர் பதவியை விட்டு ஒரு மாதத்திலேயே இறங்க வேண்டி வந்தது. வாரியர் எழுதிய நினைவுக் குறிப்புகளும், அந்த நிழலில் ஷாஜி என். கருண் எடுத்து 1989-இல் கான் விழாவுக்குப் போன 'பிறவி'யும் கேரளத்தில் தெரியாதவர்கள் குறைவு. இரண்டும் தகப்பன் பக்கத்துக் கதைகள். அந்த வருஷம் பத்து வயதாக இருந்தவர்களின் பக்கத்தை யாரும் உட்கார்ந்து கேட்டதாக என் கண்ணில் படவில்லை. இன்று அவர்களுக்கு அறுபது.

எங்கள் பக்கத்தில் அண்ணன், தங்கை இருவரிடம் இதைப் பற்றித் தனித்தனியாகக் கேட்டு போனில் பதிவு செய்து வைத்திருக்கிறேன். அண்ணன் தென்னந்தோப்பு பார்க்கிறார். எமர்ஜென்சி ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டதற்கு, அதெல்லாம் தெரியாது என்றார். சரி, அந்த வருஷம் வேறு என்ன ஞாபகம் என்றேன். முகம் மலர்ந்துவிட்டது.

"பொள்ளாச்சி மாமா வந்திருந்தார் தம்பி. தென்னமட்டையில பேட் செஞ்சு குடுத்தார், பட்டம் விடப் பழக்கினார். தோப்புல மாங்கா நேரம். அப்படியொரு லீவு அப்புறம் வரவே இல்ல."

தங்கை அவரைவிட ஒரு வயதுதான் இளையவர். அவர் சொன்னது: "லீவா? பள்ளிக்கூடம் நடந்துட்டுதான் இருந்தது. தைப்பூசத்துக்கு எடுத்த காவடியைக்கூட இன்னும் உள்ள கட்டி வைக்கல, அப்ப வந்தார் மாமா. ஊர்க்கிணத்துல யாரு கேட்டாலும் வீட்டுல விருந்தாளி இல்லைன்னு சொல்லணும்னு அம்மா எங்கிட்ட சத்தியம் வாங்குனாங்க. அண்ணனுக்கு ஒண்ணும் சொல்லல. அவன்தான் தண்ணிக்குப் போறதில்லையே."

மாமா தி.மு.க.வில் கிளைப் பொறுப்பில் இருந்தவர். ஆட்சி கலைந்ததும் எல்லை தாண்டி அக்கா வீட்டுக்கு வந்துவிட்டார். அதற்குமுன் ஏழு மாதம் ஓட்டம் எதிர்த்திசையில் இருந்தது என்பதை நினைத்துப் பார்த்தால் இதன் விசித்திரம் புரியும். கேரளத்திலும் அதே சட்டம்தான், ஆனால் கேரளப் போலீஸுக்குப் பொள்ளாச்சிக் கிளைச் செயலாளரைத் தெரியாது. மாமா திண்ணையில் உட்காரவே மாட்டார், சினிமாவுக்குக் கூப்பிட்டால் வரமாட்டார் என்பதெல்லாம் அண்ணனுக்கும் ஞாபகம் இருக்கிறது. அதற்கு அவர் வைத்திருந்த விளக்கம், மாமாவுக்குக் கூச்சம். காலேஜ் போனபிறகுதான் வேறு காரணம் தெரிந்ததாம்.

மாங்காய்ப் பருவமா, தைப்பூசமா? ஜனவரி 31-க்குப் பிறகு வந்து, சித்திரை தாண்டியும் இருந்திருந்தால் இரண்டும் சரி. பையன் நினைவில் நின்றது மாமா இருந்த நாட்கள், பெண்ணுக்கு நின்றது மாமா வந்த நாள். ரகசியம் காக்கும் வேலை யார் தலையில் விழுந்ததோ அவருக்குத்தான் தேதி ஞாபகம் இருக்கிறது. பெரும்பாலான வீடுகளில் அந்த வேலை பெண்பிள்ளைகளுக்குத்தான் போயிருக்கும், தண்ணிக்கும் கடைக்கும் போவது அவர்கள் என்பதால். ஒரு இயக்குநர் இந்த அண்ணனை மட்டும் எடுத்திருந்தால் கிடைப்பது இனிமையான கிராமத்து ஞாபகம். தங்கையை மட்டும் எடுத்திருந்தால் பயத்தின் கதை. இரண்டையும் பக்கத்தில் வைத்தால்தான் அந்த வீட்டுக்குள் அன்று ஓடிக்கொண்டிருந்த ஏற்பாடு தெரிகிறது.

இங்கே கேள்வி கேட்கும் முறையும் முக்கியம். "அப்போது பயமாக இருந்ததா?" என்று கேட்டால் அறுபது வயதுக்காரர் இன்றைய அறிவோடு பதில் சொல்வார், ஆமாம் என்பார். பிறகு படித்ததும் பார்த்ததும் அந்தப் பதிலில் கலந்துவிடும். அதைவிட, ரேடியோ எங்கே இருந்தது, பி.பி.சி. தமிழோசை கேட்கும்போது யார் எழுந்து போய்க் கதவைச் சாத்தினார்கள், டீக்கடையில் 'அரசியல் பேசாதீர்கள்' என்ற போர்டு முன்பே இருந்ததா, புதிதாக வந்ததா, தியேட்டரில் படத்துக்கு முன்னால் ஓடிய நியூஸ் ரீலில் எதற்குக் கைதட்டினீர்கள் என்று கேட்கலாம். அன்றைய அரசின் இருபது அம்சத் திட்டத்தை மனப்பாடம் செய்து ஒப்பித்ததையும் அதற்கு மாஷ் (வாத்தியார்) மிட்டாய் கொடுத்ததையும் ஒருவர் இப்படித்தான் சொன்னார். அதை அவர் கொடுமையாகச் சொல்லவில்லை. அவருக்கு அது மிட்டாய்.

ஞாபகத்தைச் சரிபார்க்க எழுத்து ஆவணம் கிடைப்பது இன்னொரு வசதி. கிழக்கு ஜெர்மனியில் ரகசியப் போலீஸின் கோப்புகளை 1991 கடைசியில் சட்டம் போட்டே திறந்துவிட்டார்கள். அதனால்தான் பெட்ரா எப்பர்லைன் 'கார்ல் மார்க்ஸ் சிட்டி' (2016) படத்தில், தற்கொலை செய்துகொண்ட தன் அப்பா உளவு சொன்னவரா இல்லையா என்ற கேள்வியோடு நேரே கோப்பகத்துக்குப் போக முடிகிறது. நமக்கு அப்படியொரு கதவு இல்லை. ஷா ஆணைய அறிக்கை இருக்கிறது, பழைய பத்திரிகைகள் இருக்கின்றன, பத்திரிகைகளும் தணிக்கைக்கு உட்பட்டவை. ஆகவே இங்கே ஒரு சாட்சியைச் சரிபார்ப்பது பெரும்பாலும் இன்னொரு சாட்சியை வைத்துத்தான். அண்ணனுக்குத் தங்கை, மேற்குக்குக் கிழக்கு.

அனுமதி விஷயம் இதைவிடச் சிக்கல். தங்கை பேசச் சம்மதித்தார், முகம் வேண்டாம் என்றார். மாமாவுக்காக அல்ல, மாமா போய் ரொம்ப நாளாகிறது. அன்றைக்கு அவர் இருப்பதைப் பற்றி யாரோ ஸ்டேஷனில் சொல்லப் பார்த்தார்களாம், அந்தக் குடும்பத்தோடு இப்போது சம்பந்தம் செய்திருக்கிறார்கள். சின்ன ஊரில் சாட்சியம் யாரையாவது தொடாமல் போகாது. நகரத்திலிருந்து வந்து எடுத்துவிட்டுப் போகிறவர்களுக்கு இது எளிதில் புரிவதில்லை.

கடைசியாக, ஆவணப்படக்காரர்கள் தவிர்க்கப் பார்க்கும் ஒரு சாட்சி: எமர்ஜென்சியைப் புகழ்பவர். எங்கள் பக்கத்தில் இவர்கள் நிறைய. புகழவும் காரணம் இல்லாமல் இல்லை. 1977 மார்ச் தேர்தலில் வடக்கே காங்கிரஸ் துடைத்தெறியப்பட்டபோது கேரளத்தில் அதன் அணி மக்களவையின் 20 இடங்களையும் சட்டசபையில் 140-க்கு 111-ஐயும் பிடித்தது. தமிழ்நாட்டிலும் அ.தி.மு.க.–காங்கிரஸ் அணிக்கு 39-இல் 34. அப்படி ஓட்டுப் போட்டவர்களின் பிள்ளைகள்தான் இன்று நம்மிடம் பேசுகிறார்கள். வேலந்தாவளத்துக்காரர் ஒருவர், அப்பா கோயமுத்தூர் மில்லில் வேலை பார்த்தவர், என்னிடம் சொன்னது: "அப்ப பஸ்ஸு டைமுக்கு வரும். ஆபீஸ்ல ஆள் சீட்டுல இருப்பான். ஸ்ட்ரைக்குன்னு ஒரு பேச்சு கிடையாது."

அவரை மறித்துப் பாடம் எடுக்கத் தோன்றும். எடுக்கக்கூடாது, பேசவிட வேண்டும். பதிவை நிறுத்திவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தபோது பேச்சுவாக்கில் அவரே இன்னொன்று சொன்னார். தீபாவளிக்குப் புதுத்துணி எடுக்காத வருஷம் ஒன்றே ஒன்றுதானாம், அவர் நாலாவது படிக்கும்போது. அம்மா பழைய சட்டைக்கு மஞ்சள் தடவிப் போட்டுவிட்டாராம். எந்த வருஷம் என்று கணக்குப் போட்டுப் பார்த்தோம், 1975. அந்தச் செப்டம்பரில்தான் ஓர் அவசரச் சட்டம் வந்து தொழிலாளரின் குறைந்தபட்ச போனஸை 8.33 சதவீதத்திலிருந்து 4 சதவீதமாகக் குறைத்தது. யூனியன் வாய் திறக்க முடியாத நேரம். அப்பா அதைப் பற்றி வீட்டில் ஒரு வார்த்தை பேசவில்லையாம். அடுத்த தடவை பேசும்போது இதைக் கேமரா முன்னால் சொல்கிறீர்களா என்று கேட்டேன். "சொல்றேன், ஆனா பஸ்ஸு டைமுக்கு வந்ததையும் போடணும்" என்றார். போடுவதாகச் சொல்லியிருக்கிறேன்.